பள்ளிச் சுவரை ஒட்டி ஒரு கிடை

ஜூன் 12

அன்புள்ள அக்காவுக்கு,

நானும் இவரும் சுகம். ஆடுகளும் சுகம். இவருடைய முழங்கால் வலி மட்டும் எங்களோடு கூடவே நடந்து வருகிறது. நீ எப்படி இருக்கிறாய்? பள்ளிக்கூடம் திறந்து, கத்திக் கத்தித் தொண்டை கட்டியிருக்குமே. வெந்நீர் குடி. என் வாலு எப்படி இருக்கிறாள்? பதினொன்றாம் வகுப்புக்குப் போனவளை இன்னும் வாலு என்று எழுதினால் கோபித்துக்கொள்வாளோ என்னவோ. பெற்றவளுக்கு அந்த உரிமைகூட இல்லையா என்று கேட்டுச் சொல்.

இந்த விடுமுறைக்கும் நீ அவளைக் கூட்டி வரவில்லை. போன வருஷம் காய்ச்சல் என்றாய், இந்த வருஷம் சிறப்பு வகுப்பு என்றாய். நான் குறை சொல்லவில்லை. உன்னிடம் கொண்டுவந்து விட்டதே நான்தான். முந்தின பள்ளிக்கூடத்தில் ஆட்டு வாடை வருகிறது என்று பக்கத்தில் யாரும் உட்காராமல், அவள் அழுதுகொண்டே வந்து நின்றதை நான் மறக்கவில்லை. பெரியம்மா வீட்டில் இருந்தால் ஆளாகிவிடுவாள் என்று என் கையாலேயே பெட்டியைக் கட்டினேன். ஆனாலும் பார்த்து ரொம்ப நாளாகிவிட்டது அக்கா. மனசு கேட்கவில்லை.

அவள் புட்டியில் பால் கொடுத்து வளர்த்த செம்மறிக்குட்டி மகாராணி இப்போது இரண்டு குட்டிக்குத் தாய். காது நுனியை நாய் கடித்துவிட்டது. அதனால் மிடுக்கு ஒன்றும் குறையவில்லை. மந்தையில் எல்லா ஆட்டையும் முட்டித் தள்ளிவிட்டுத்தான் தண்ணீர் குடிக்கிறாள்.

பழத்தோட்டக்காரரிடம் வேலை முடிந்தது. நாளைக்குக் கிளம்புகிறோம். அடுத்த கடிதத்தைக் கிணற்றுக்காரர் பார்வைக்கு எழுது. நாம் சின்னவர்களாக இருந்தபோது அப்பா சொல்வாரே, இருக்கிற இடத்துக்கு எழுதாதே, போகப்போகிற இடத்துக்கு எழுது என்று. உனக்குத் தெரியாததா.

என்னைப் பற்றிக் கேட்கிறாளா? அதை மட்டும் மறக்காமல் எழுது.

உன் தங்கை

*

ஜூலை 3

அன்புள்ள தங்கைக்கு,

இங்கே இருவரும் நலம். தொண்டை கட்டியது உண்மைதான், நீ சொன்னபடி வெந்நீர் குடித்துச் சரியாயிற்று. மாப்பிள்ளையின் முழங்காலுக்குத் தைலம் அனுப்பியிருக்கிறேன். தேய்த்துவிட்டு உடனே நடக்கக் கூடாது என்று சொல். கேட்க மாட்டார், இருந்தாலும் சொல்.

பிள்ளை நன்றாகப் படிக்கிறாள். என் வகுப்பில்தான் இருக்கிறாள். மனிதப் புவியியலில் இப்போது வேளாண்மை வகைகள் நடத்திக்கொண்டிருக்கிறேன். தன் வீட்டுச் சாப்பாட்டுக்கு மட்டும் விளைவிப்பது, காட்டை எரித்து இடம் மாறி மாறிப் பயிரிடுவது, சந்தைக்காகக் காய்கறி போடுவது, பால் பண்ணை, பெரிய தோட்டப் பயிர், பயிரோடு கால்நடையும் வைத்துக்கொள்வது, நாடோடி மேய்ச்சல் என்று ஒவ்வொன்றாக வரும். நேற்று நாடோடி மேய்ச்சல் பத்தியை அவளைத்தான் எழுந்து படிக்கச் சொன்னேன். தடங்கல் இல்லாமல் படித்தாள்.

நல்ல உயரம் வந்துவிட்டாள். போன வருஷத்துச் சீருடை எதுவும் பற்றவில்லை. பால் மட்டும் குடிக்க மாட்டேன் என்கிறாள்.

உடம்பைப் பார்த்துக்கொள்.

உன் அக்கா

*

ஆகஸ்ட் 2

அன்புள்ள அக்காவுக்கு,

எல்லோரும் சுகம். தைலம் வந்தது. இவர் முழங்காலுக்குத் தேய்த்ததைவிட மோந்து பார்த்ததுதான் அதிகம். அங்கே உனக்கும் அவளுக்கும் தலைவலி, காய்ச்சல் என்று எதுவும் இல்லையே?

நாடோடியாம். சிரித்துச் சிரித்து இவரிடம் படித்துக் காட்டினேன். வருகிற வருஷம் எந்த வயலில் எந்த மூலையில் அடுப்பு மூட்டுவேன் என்று எனக்கு இப்போதே தெரியும். உனக்கு எந்தப் பள்ளிக்கூடத்துக்கு மாற்றல் வரும் என்று உனக்குத் தெரியுமா? யார் நாடோடி?

நான் கேட்டதற்கு நீ பதில் எழுதவில்லை. மறந்திருப்பாய்.

இப்போது சேதியைக் கேள். உங்கள் பள்ளிக்கூடத்துச் சுவரை ஒட்டி முட்டைக்கோசு போடுகிறாரே, அவர் நவம்பரில் தன் நிலத்தில் கிடை போட எங்களைக் கூப்பிட்டிருக்கிறார். கூப்பிட்டார் என்றா சொன்னேன், கூப்பிட வைத்தேன். கிணற்றுக்காரரிடம் சொல்லி, அவர் மச்சானிடம் சொல்லி, அந்த மனுஷன் காதில் போட்டு, எங்கள் ஆட்டுப் புழுக்கை விழுந்தால் கோசு தலையணை அளவுக்கு வரும் என்று அளந்து விட்டேன். அதற்காக வழக்கமாகப் போகிற நல்ல மேய்ச்சலை விட வேண்டியிருந்தது. இவர் முணுமுணுத்தார். ‘ஆடு பட்டினி கெடக்கும்டி’ என்றார். ‘கொஞ்ச நாளைக்கு இளைச்சா செத்தா போயிடும், எனக்கு என் பொண்ணைப் பாக்கணும்’ என்றேன். அவருக்கும் ஆசைதான், வாய்விட்டுச் சொல்ல மாட்டார்.

பகலெல்லாம் மேய்த்துவிட்டு வந்து ஆடுகளை அடைத்தால், சுவருக்கு அந்தப் பக்கம் அவள் படிக்கிற சத்தம் கேட்கும். நினைத்தாலே எனக்குத் தலை கால் புரியவில்லை. அவளிடம் சொல்லிவிடாதே, நானே வந்து நிற்கிறேன்.

உன் தங்கை

*

ஆகஸ்ட் 25

அன்புள்ள தங்கைக்கு,

நலம். உன் நலமும் மாப்பிள்ளை நலமும் அறிய ஆசை.

நீ எழுதியது பார்த்தேன். நவம்பரில் அவளுக்கு அரையாண்டுத் தேர்வு நெருங்கியிருக்கும். உன்னைப் பார்த்தால் மனசு படிப்பில் நிற்காது. நல்ல மேய்ச்சலை விட்டுவிட்டு வருவதும் சரியாகத் தோன்றவில்லை. தேர்வு முடிந்ததும் நானே கூட்டி வருகிறேனே?

வகுப்பில் இப்போது எது ஊருக்குப் பக்கத்தில், எது தூரத்தில் என்று நடத்துகிறேன். பாலும் கீரையும் சீக்கிரம் கெட்டுப்போகும், அதனால் ஊரை ஒட்டி இருக்கும். தானியம் தாங்கும், அது கொஞ்சம் தள்ளி. ஆடு மாடு தன் காலாலேயே நடந்து வந்துவிடும் என்பதால் கடைசி வட்டத்தில். பிள்ளை இந்தப் படத்தை அழகாக வரைந்திருக்கிறாள்.

யோசித்து எழுது.

உன் அக்கா

*

அக்டோபர் 9

அன்புள்ள அக்காவுக்கு,

சுகம். இங்கே குளிர் தொடங்கிவிட்டது. நீ சளி பிடிக்கிற ஆள், காதை மூடிக்கொண்டு வெளியே போ. அவளையும் ஈரத் தலையோடு அனுப்பாதே.

யோசித்தேன் அக்கா. விதைப்பதற்கு முன்னால்தான் நிலத்துக்கு எரு வேண்டும். கோசுக்காரரிடம் போய், என் மகளுக்குத் தேர்வு, உங்கள் விதைப்பைத் தள்ளிப் போடுங்கள் என்றா சொல்வது? வாக்குக் கொடுத்தாயிற்று. நான் அவள் படிப்பைக் கெடுக்க மாட்டேன். தூரத்திலிருந்தே பார்த்துக்கொள்கிறேன். பக்கத்தில் வந்தால் ஒரு தடவை தலையைத் தடவிக்கொள்கிறேன், அவ்வளவுதான்.

உன் வட்டக் கதையை இவரிடம் சொன்னேன். கெட்டுப்போகிறது பக்கத்தில், தாங்குகிறது தூரத்தில். நல்ல கணக்குதான். என்னையும் தாங்குகிற சரக்கு என்று நினைத்துத்தான் எல்லோரும் கடைசி வட்டத்தில் வைத்துவிட்டீர்கள் போலிருக்கிறது. விளையாட்டுக்குச் சொன்னேன், மனசில் வைத்துக்கொள்ளாதே.

அவளுக்கு ஒரு கம்பளி பின்னி முடித்துவிட்டேன். ஓரத்தில் வாலைத் தூக்கிக்கொண்டு நிற்கிற ஆட்டுக்குட்டி ஒன்று. மகாராணியின் ரோமம்தான் முழுக்க.

இனி எழுதினால் மில்லுக்காரர் பார்வைக்கு எழுது. அக்டோபர் முடியும்வரை அங்கேதான்.

உன் தங்கை

*

அக்டோபர் 22

என் அன்புத் தங்கைக்கு,

நீங்கள் இருவரும் நலமாக இருக்க வேண்டும். எனக்குத் தூக்கம் சரியில்லை, வேறு ஒன்றுமில்லை.

உன்னிடம் சொல்லாமல் விட்ட ஒன்றை இப்போது சொல்லியாக வேண்டும். பிள்ளையை இங்கே சேர்க்கும்போது என் மகள் என்று எழுதிக் கொடுத்துவிட்டேன். ஆசிரியையின் பிள்ளை என்றால் இடம் கொடுத்துவிடுவார்கள், எங்கிருந்து வந்தாய் என்று யாரும் துருவ மாட்டார்கள் என்று நினைத்தேன். முந்தின பள்ளிக்கூடத்தில் பட்டது போதாதா? அவளும் பள்ளியில் என்னை அம்மா என்றுதான் கூப்பிடுகிறாள். முதலில் திக்கினாள், பிறகு பழகிவிட்டது. அதனால்தான் விடுமுறைக்கு உன்னிடம் கூட்டி வரவே எனக்குப் பயமாக இருந்தது. திரும்பி வந்து யாரிடமாவது உளறிவிட்டால் என்ன செய்வது?

இப்போது கோசுக்காரர் எங்கள் தலைமையாசிரியையிடம் கிடை வரப்போவதைச் சொல்லியிருக்கிறார். புத்தகத்தில் படித்ததை நேரில் பார்க்கட்டும் என்று வகுப்பையே கூட்டிப் போகச் சொல்லிவிட்டார் அவர். பிள்ளைகள் ஆளுக்கொரு கேள்வி கேட்டு அறிக்கை எழுத வேண்டுமாம். என்னால் மறுக்க முடியவில்லை.

தங்கச்சி, உன் காலைப் பிடித்துக் கேட்கிறேன். நாங்கள் வரும்போது எங்களைத் தெரிந்ததாகக் காட்டிக்கொள்ளாதே. என்னையும்தான், அவளையும்தான். அந்த ஒரு பொழுது மட்டும். பிள்ளை இரண்டு நாளாகச் சாப்பிடவில்லை. எல்லோரும் சிரிப்பார்களே என்று நடுங்குகிறாள். பிறகு நான் எல்லாவற்றையும் சரிசெய்கிறேன்.

இந்தக் கடிதம் கிடைத்ததும் ஒரு வரி எழுது.

உன் அக்கா

*

நவம்பர் 19

அக்காவுக்கு,

இங்கே நாங்கள் இருக்கிறோம். நீங்கள் இருவரும் சுகம் என்று நேரிலேயே பார்த்துவிட்டேன்.

நீ வருவாய் என்று கோசுக்காரர் முதல் நாளே சொன்னார். அவள் வகுப்பும் வருகிறதாம். ஒவ்வொரு நாளும் சுவர்மேல் கண்ணை வைத்துக்கொண்டிருந்தேன், இப்போது கேட் வழியாகவே வரப்போகிறாள் என்று எனக்குக் கால் தரையில் பாவவில்லை. தலை குளித்து, இருக்கிறதிலேயே நல்ல துணியைக் கட்டி, கம்பளியைப் பெட்டியின் மேலே மடித்து வைத்தேன்.

நீ முன்னால் வந்தாய். நான் சிரித்தேன். நீ சிரிக்கவில்லை. பிள்ளைகள் பக்கம் திரும்பி, ‘இந்த அம்மாதான் உங்க கேள்விக்கெல்லாம் பதில் சொல்லப் போறாங்க’ என்றாய். வேலை நேரத்தில் டீச்சர்கள் அப்படித்தான் பேசுவார்கள் என்று முதலில் நினைத்துக்கொண்டேன். பிறகு அவளைத் தேடினேன். இரண்டு பெண்களுக்குப் பின்னால் தலையைக் குனிந்துகொண்டு நின்றாள். நிமிர்ந்து ஒரு தடவைதான் பார்த்தாள். அந்த முகத்தை எனக்குத் தெரியும் அக்கா. சின்னதில் பால் பாத்திரத்தைக் கவிழ்த்துவிட்டு, அப்பாவிடம் சொல்லிடாதே என்று கண்ணாலேயே கும்பிடுவாளே, அதே முகம். அதைப் பார்த்த பிறகு நான் என்ன செய்ய முடியும்?

அவள் முறை வந்தது. ‘ஏங்க, ஆடுங்க ஒரு நாளைக்கு எவ்ளோ தூரம் நடக்கும்?’ என்று கேட்டாள். ‘புல்லைப் பொறுத்துங்க. உங்க பஸ் மாதிரிதான், வழியெல்லாம் நின்னு நின்னு போகும். நல்லா எழுதிக்குங்க’ என்றேன். எல்லாப் பிள்ளைகளும் சிரித்தார்கள். பெற்ற பெண்ணை வாங்க, எழுதிக்குங்க என்று சொல்ல என் நாக்கு எப்படி வளைந்தது என்று எனக்கே தெரியவில்லை.

அந்த மகாராணிக்கு மட்டும் நடிக்கத் தெரியவில்லை. மந்தையிலிருந்து பிய்த்துக்கொண்டு வந்து அவள் இடுப்பில் முகத்தை வைத்துத் தேய்த்தது. பிள்ளைகள், ‘உன்னை அதுக்கு எப்படித் தெரியும்?’ என்று கேட்டார்கள். ‘இது எல்லார்கிட்டயும் இப்படித்தாங்க, உப்பு இருக்கான்னு பாக்கும்’ என்று சொல்லி, மூக்கிலேயே ஒன்று போட்டு விரட்டினேன். அதை நான் இதுவரை அடித்ததே இல்லை.

கடைசியில் ஒரு பெண், ‘உங்களுக்குக் குழந்தைங்க இருக்காங்களா?’ என்று கேட்டாள். நீ அந்த நேரம் வேறு பக்கம் பார்த்துக்கொண்டிருந்தாய். ‘இல்லைம்மா’ என்றேன். எல்லோரும் எழுதிக்கொண்டார்கள். அவளும் எழுதினாள்.

இவர் முழங்காலைச் சாக்கு வைத்துத் தண்ணீர்த் தொட்டிப் பக்கம் போனவர், நீங்கள் போகும்வரை வரவே இல்லை.

என்ன அக்கா நடந்தது? நான் என்ன தப்புச் செய்தேன்?

இவ்வளவும் எழுதிவிட்டு, அனுப்ப மனமில்லாமல் வைத்திருந்தேன். இன்றைக்கு மில்லுக்காரர் அனுப்பி உன் கடிதம் வந்தது. அவளைப் பார்க்கிற அவசரத்தில் நான்தான் ஆடுகளை முன்னதாகவே ஓட்டிக்கொண்டு கிளம்பிவிட்டேன். கடிதம் எங்கள் பின்னாலேயே நடந்து வந்திருக்கிறது. படித்தேன். நீ கேட்பதற்கு முன்னாலேயே, நீ கேட்டதையெல்லாம் செய்து முடித்திருக்கிறேன். எதுவும் விட்டுப்போகவில்லை.

கம்பளி என்னிடமே இருக்கிறது.

தங்கை

*

டிசம்பர் 1

என் தங்கைக்கு,

எப்படி இருக்கிறாய் என்று கேட்கவே எனக்கு வாய் வரவில்லை. கேட்கிறேன்.

உன் கடிதத்தைப் பிள்ளையிடம் காட்டவில்லை. அன்றைக்கு வீட்டுக்கு வந்து கதவைச் சாத்திக்கொண்டவள், மறுநாள் ஒன்றும் நடக்காதது போல் பள்ளிக்குக் கிளம்பினாள். அவள் எழுதிய அறிக்கைதான் வகுப்பிலேயே சிறந்தது என்று தலைமையாசிரியை சுவரில் ஒட்டி வைத்திருக்கிறார். இதை ஏன் உனக்கு எழுதுகிறேன் என்று தெரியவில்லை.

அவளுக்காகத்தான் செய்தேன். என் பயமும் அதில் இருந்தது. இங்கே யாருக்கும் நான் யார் வீட்டுப் பெண் என்று தெரியாது. பள்ளிப் படிப்பு முடியட்டும், எல்லோரிடமும் சொல்லிவிடலாம். அதுவரை பொறுத்துக்கொள்ள மாட்டாயா? திட்டியாவது ஒரு கடிதம் போடு.

அக்கா

*

ஜனவரி 8

மதிப்புக்குரிய அக்காவுக்கு,

இங்கு அனைவரும் நலம். தங்கள் நலமும் பிள்ளையின் நலமும் அறிய விருப்பம்.

திட்டுவதற்கு ஒன்றும் இல்லை. பிள்ளை நன்றாகப் படிக்கட்டும். எங்களுக்குக் கடிதம் எழுதச் சொல்லி அவளைக் கட்டாயப்படுத்த வேண்டாம். மகாராணி சுகம் என்று மட்டும், கேட்டால், சொல்லவும்.

தங்கை

*

மார்ச் 20

அம்மா,

எப்படி இருக்கிறாய்? அப்பா முழங்கால் எப்படி இருக்கிறது? நான் நன்றாக இருக்கிறேன் என்று எழுத வேண்டும், அதுதானே வழக்கம். நான் நன்றாக இல்லை அம்மா.

பரீட்சைக்கு முன்னால் பாடங்களைத் திருப்பும்போது, பெரியம்மா மறுபடி வேளாண்மை வகைகளுக்கு வந்தார். என் அறிக்கை இன்னும் சுவரில்தான் இருக்கிறது. அழகான கையெழுத்தில் ‘குழந்தைகள்: இல்லை’ என்று. தினமும் அதற்குக் கீழேதான் உட்காருகிறேன். நீ சொன்னாய், நான் எழுதினேன். பக்கத்திலிருந்தவள் சரியாகக் கேட்கவில்லை என்று என்னைப் பார்த்துத்தான் எழுதினாள்.

எழுந்து நின்றேன். ‘அது தப்பு, அவங்க என் அம்மா’ என்று சொன்னேன். முதல் தடவை யார் காதிலும் விழவில்லை, இரண்டாவது தடவை சொல்ல வேண்டியிருந்தது. பெரியம்மா சாக்கட்டியைக் கீழே வைத்துவிட்டு நாற்காலியில் உட்கார்ந்தார். ‘அவ என் தங்கச்சி’ என்றார். சில பேர் மூக்கைப் பிடித்துக்கொண்டார்கள். இரண்டு பேர் மகாராணியைப் பற்றிக் கேட்டார்கள். அவ்வளவுதான் அம்மா. இவ்வளவு சின்ன விஷயத்துக்காகவா நான் உன்னை ஏங்க என்று கூப்பிட்டேன்?

சாயங்காலம் பெரியம்மா உன் கடிதங்களையெல்லாம் என் கையில் கொடுத்துவிட்டு வெளியே போய் உட்கார்ந்துகொண்டார். எனக்குக் கம்பளி பின்னியதே அப்போதுதான் தெரியும். அது எனக்கு வேண்டும். யாருக்கும் கொடுத்துவிடாதே. நீ கேட்டிருந்தாயே, உன்னைப் பற்றிக் கேட்கிறேனா என்று. கேட்க மாட்டேன் அம்மா. கேட்டால் அழுகை வந்துவிடும் என்றுதான் கேட்கவே மாட்டேன்.

ஏப்ரலில் நீங்கள் பழத்தோட்டக்காரர் தோட்டத்துக்குத்தானே வருவீர்கள்? அதனால் அங்கேயே எழுதுகிறேன். நவம்பரில் கோசுக்காரரிடம் மறுபடி வாருங்கள். நான் சுவர்மேல் ஏறி உட்கார்ந்திருப்பேன். என்னை வாங்க என்று மட்டும் கூப்பிடாதே.

உன் வாலு

*

ஏப்ரல் 14

ஐயா அல்லது அம்மா அவர்களுக்கு,

வணக்கம். நாங்கள் நலம், தாங்களும் நலமாக இருப்பீர்கள் என நம்புகிறேன். என் பார்வைக்கு வந்த தங்கள் உறையைப் பிரிக்காமல் இத்துடன் திருப்பி அனுப்பியுள்ளேன். பின்புறம் இருந்த விலாசத்துக்கு இதை எழுதுகிறேன்.

ஆட்டுக்கார அம்மா இந்த வருஷம் எங்கள் தோட்டத்துக்கு வரவில்லை. வழியை மாற்றிக்கொண்டு மலைக்கு அந்தப் பக்கம் போய்விட்டார்கள். அங்கே தபால் போகாது. சொல்லாமல் நின்றுகொள்வது ஆட்டுக்காரர்களுக்கு வழக்கமில்லை என்று, போன பிப்ரவரியில் அவரே தனியாக நடந்து வந்து சொல்லிவிட்டுப் போனார். ஏனம்மா, இத்தனை வருஷப் பழக்கமாயிற்றே என்று கேட்டேன். ‘எனக்கு ஒரே பொண்ணுங்க. அந்தப் பக்கந்தான் படிக்கிறா. நாங்க அந்த வழியில போனா அவளுக்குக் கஷ்டம்’ என்றார்.

போகும்போது ஒரு புதுக் கம்பளியை என் வீட்டுக்காரிக்குக் கொடுத்துவிட்டுப் போனார். ஓரத்தில் ஓர் ஆட்டுக்குட்டி, நல்ல வேலைப்பாடு. வேண்டாம் என்றாலும் கேட்கவில்லை.

தாங்கள் அந்த அம்மாவுக்கு என்ன வேண்டும் என்று உறைமேல் எழுதவில்லை. எழுதி அனுப்பினால், என்றாவது இந்தப் பக்கம் வந்தால் இன்னார் தேடினார்கள் என்று சொல்ல வசதியாக இருக்கும்.

இப்படிக்கு,
பழத்தோட்டக்காரர்